சிரிப்புக்கு உட்படுபவர்

அதான் சொல்றேனே, நான் அம்மாகிட்ட எதையும் மறைக்கல. சொல்லல, அவ்வளவுதான். ரெண்டும் வேற வேறன்னு நீங்க ஒத்துக்கலைன்னா மேல படிக்கறதுல அர்த்தமே இல்ல. சரி, ஒத்துக்கலைன்னாலும் படிங்க. ஆள் கிடைக்கறது கஷ்டமா இருக்கு.

நான் ஸ்டாண்டப் காமெடியன். இதை நான்தான் சொல்லிக்கறேன், வேற யாரும் இன்னும் சொல்லல. ஒரு புத்தகக் கடையோட பின்னறைல வியாழக்கிழமை சாயங்காலம் நிகழ்ச்சி. இருபது நாற்காலி போட்டிருப்பாங்க. எட்டு பேர் வருவாங்க. எட்டுல அஞ்சு பேர் எனக்கு அடுத்து மேடை ஏறப்போற காமெடியன்கள். அவங்க சிரிக்க மாட்டாங்க, தொழில் பாருங்க. மிச்சம் மூணு பேர்ல ஒருத்தர் கடைக்காரர். அவர் நாற்காலியை மடிக்கறதுக்காகக் காத்துட்டு இருப்பாரு. அப்போ எனக்காகவே வந்தவங்கன்னா ரெண்டு பேர். அந்த ரெண்டு பேரும் ஒரு தடவை, "இங்க சமையல் புக்கு எந்தப் பக்கம்?"னு கேட்டாங்க.

ஆனா ரெண்டு ஜோக் இருக்கு என்கிட்ட. அந்த ரெண்டுக்கு மட்டும் அந்த அஞ்சு பேரும் சேர்ந்து சிரிப்பாங்க, வேற வழியில்லாம.

ஒண்ணு: "எங்கம்மா லைசென்ஸ் டெஸ்ட்ல ஏழு தடவை ஃபெயில். எட்டாவது தடவை பாஸ். ஓட்டக் கத்துக்கிட்டாங்களான்னு கேக்காதீங்க. இன்ஸ்பெக்டர் பக்கத்துல உக்காந்திருக்காரு. அம்மா அவரைப் பாத்து, 'சார், இன்னொரு ரவுண்டு போலாமா?'ங்கறாங்க. அவருக்கு வீட்ல ரெண்டு சின்னப் பசங்க. வண்டி நிக்கறதுக்கு முன்னாடியே கையெழுத்து போட்டுட்டு இறங்கிட்டாரு."

ரெண்டு: "எங்கம்மா வீடியோ கால்ல ஃபோனைக் காதுல வெச்சுப்பாங்க. ஆறு மாசமா நான் அம்மாவோட காதைத்தான் பாத்துட்டு இருக்கேன். முகம் மறந்துபோச்சு. ஆனா ரோட்ல நூறு காது போனாலும் எது எங்கம்மா காதுன்னு சொல்லிடுவேன்."

இதுதான் என் மொத்த ஆஸ்தி. இதே ரகத்துல இன்னும் இருபது இருக்கு, எல்லாமே அம்மா. இந்த பலத்துலதான் வானொலி நிலையத்துக்கு விண்ணப்பம் போட்டேன். காலை ஏழு மணி நகைச்சுவை நிகழ்ச்சிக்கு ஆள் வேணும்னு போட்டிருந்தாங்க. இன்டர்வியூ வீடியோ கால்லயே நடந்தது, அஞ்சே நிமிஷம். மறுநாளே, 'நீங்கள் தேர்வு செய்யப்பட்டுள்ளீர்கள், ஆறு மாத தகுதிகாண் காலம்'னு கடிதம். எதைப் பாத்து எடுத்தாங்கன்னு அப்ப நான் கேக்கல. கேட்டிருக்கணும்.

அதுவரைக்கும் நான் டைல்ஸ் ஷோரூம்ல வேலை பாத்தேன். பாத்ரூம் டைல்ஸ் பிரிவு. வேலையை விடும்போது சும்மா விட்டேனா? எல்லாரையும் நிக்க வெச்சு பதினோரு நிமிஷம் பிரியாவிடை காமெடி பண்ணேன். மேனேஜரோட நடை, பேச்சு, தும்மல், எதையும் விடல. முடிஞ்சதும் மேனேஜர் என் தோள்ல தட்டி, "நல்லா இரும்மா. உன் இடத்தை ஆறு மாசம் காலியா வெச்சிருக்கேன்"னாரு. கோவப்பட்டிருந்தா தாங்கியிருப்பேன். அந்த மனுஷன் பரிதாபப்பட்டுட்டாரு. அந்த இடத்துக்கு மறுபடி போய் நின்னு, "மேடம், இது வழுக்காத டைல்ஸ்"னு சொல்றதைவிட வழுக்கி விழுந்துடலாம்.

அதனால எனக்கு அந்த ஏழு மணி நிரந்தரமாகணும். இதை மட்டும் மனசுல வெச்சுக்கோங்க, கதை முழுக்க இதான்.

நிலையத்துல முதல் நாள். இயக்குநர் ரூமுக்குக் கூட்டிட்டுப் போனாங்க. சுவரெல்லாம் மெத்தை வெச்ச மாதிரி துணி ஒட்டியிருக்கு. நகைச்சுவைப் பிரிவு வாசல்லயே 'அமைதி காக்கவும்'னு பலகை. இயக்குநர் எழுந்து நின்னு வரவேற்றாரு. நல்ல மனுஷன், இஸ்திரி போட்ட குரல்.

"வாம்மா. இந்த நிலையத்துல முப்பத்தோரு வருஷமா காலைல நகைச்சுவை போயிட்டிருக்கு. இந்த முப்பத்தோரு வருஷத்துல ஒரு புகார் வந்ததில்ல. ஒரு நேயர் மனசு புண்பட்டதில்ல. இன்னும் சொல்லப்போனா, ஒரு நேயர் சிரிச்சதாக் கூட எழுத்துல பதிவு கிடையாது. அந்த நல்ல பேரை நீதான் காப்பாத்தணும்."

ஜோக் அடிக்கறாருன்னு நெனச்சு நான் சிரிச்சேன்.

அவர் பக்கத்துல நின்ன பதிவாளர் அக்காவைத் திரும்பிப் பாத்து, "இவங்க ஏன் சிரிச்சாங்கன்னு குறிச்சு வெச்சுக்கோங்க"ன்னாரு. அக்கா குறிச்சுக்கிட்டாங்க. நேரத்தோட.

அப்புறம்தான் தெரிஞ்சது, இங்க ஜோக்கை நேரா மைக்ல சொல்லிட முடியாது. நகைச்சுவைப் பரிசீலனைக் குழுன்னு ஒண்ணு இருக்கு. இயக்குநர் தலைவர். ஒலிபரப்பு பொறியாளர் ஒருத்தர், கழுத்துல ஸ்டாப்வாட்ச் மாட்டியிருப்பாரு, அதனால எல்லாரும் 'நொடி சார்'னு கூப்பிடுவாங்க. சட்டம் பாக்கற மேடம் ஒருத்தங்க. செவ்வாய்க்கிழமை பதினோரு மணிக்குக் கூடுவாங்க. ஜோக்கை நான் சொல்லக் கூடாது. நான் சொன்னா என் குரல்ல இருக்கற ஏத்த எறக்கம் குழுவை பாதிச்சிடுமாம். அதனால பதிவாளர் அக்கா படிப்பாங்க. அவங்களுக்கு அதுக்குன்னே பயிற்சி கொடுத்திருக்காங்க.

"ஜோக் எண் ஒன்று. தலைப்பு லிஃப்ட். எங்கள் பழைய அலுவலகத்தில் ஒரு லிஃப்ட் இருந்தது முற்றுப்புள்ளி. அதில் எட்டு பேர் மட்டும் என்று எழுதியிருக்கும் முற்றுப்புள்ளி. நான் ஒருத்தி ஏறினாலே அது யோசிக்கும் கமா போகலாமா வேண்டாமா என்று ஆச்சரியக்குறி. ஜோக் முடிந்தது."

அந்த ரூம்ல ஏசி சத்தம் நல்லா கேட்டுச்சு.

சட்ட மேடம் கண்ணாடியைக் கழட்டினாங்க. "யோசிக்கும்னா? லிஃப்ட்டுக்கு யோசனை உண்டா?"

"இல்ல மேடம், அது என்னன்னா, நான் கொஞ்சம் குண்டுன்னு..."

"குண்டா இருக்கற நேயர்கள் கேட்டா?"

"என்னைத்தானே மேடம் சொல்றேன்?"

"அதை அவங்க எப்படி நம்பறது? வானொலில நீங்க தெரிய மாட்டீங்களே."

நொடி சார் கை தூக்கினாரு. "எட்டு பேர் தாங்கற லிஃப்ட் ஒருத்தர் ஏறினா தயங்காது. தொழில்நுட்ப ரீதியா இது தப்பு. நிலையம் தப்பான தகவல் ஒலிபரப்பக் கூடாது."

அரை மணி நேரம் பேசித் திருத்தம் பண்ணாங்க. அங்கீகரிக்கப்பட்ட வடிவம் இது: 'எங்கள் பழைய அலுவலகத்தில் ஒரு லிஃப்ட் இருந்தது. அது எட்டு பேரைத் தாங்கும். நான் ஒருத்தி. ஆகவே பயமில்லை.'

"சார், இது இப்ப ஜோக்கா?"ன்னு கேட்டேன்.

"இப்பதாம்மா பாதுகாப்பா இருக்கு"ன்னாரு இயக்குநர், பெத்த பிள்ளை வண்டில ஹெல்மெட் போட்டதைப் பாத்த மாதிரி.

அடுத்தது புறா ஜோக். என் ஜன்னல்ல ஒரு புறா வந்து உக்காந்து என்னைப் பாத்துட்டு ஜன்னல் மாறிப் போயிடும்னு. இங்கதான் ஒன்பதாம் படிவம் அறிமுகமாச்சு. 'சிரிப்புக்கு உட்படுபவர் சம்மதப் படிவம்'. ஜோக்ல யாரைப் பாத்து சிரிக்கிறோமோ அவங்க கையெழுத்து போடணும். சட்ட மேடத்துக்கு ஒரே சந்தேகம், புறாவுக்குப் பாதுகாவலர் யாரு? விலங்கு நலத் துறைக்கு எழுதினாங்க. மூணு வாரம் கழிச்சு பதில் வந்தது: 'ஆட்சேபணை இல்லை. புறாவின் வசிப்பிடம் வெளியிடப்படக் கூடாது.' ஜன்னலை எடுத்துட்டோம். புறா சும்மா வந்துட்டுப் போச்சு.

இந்த ரெண்டு ஜோக்கை வெச்சுக்கிட்டு நான் தினமும் ஒரு மணி நேரம் ஓட்டணும். மிச்ச நேரத்துக்குப் பாட்டு, வானிலை. முதல் ஒலிபரப்பு அன்னிக்கு என்ன பண்ணேன்? 'நான் ஒருத்தி'ன்னு சொல்லிட்டு ஒரு நல்ல இடைவெளி விட்டேன். காமெடில அதுதானே உயிர். ஜனங்களை அந்த விளிம்புல நிறுத்தி, ஒண்ணு, ரெண்டு, மூணு...

மூணாவது நொடில வயலின் கேட்டுச்சு.

மூணு நொடி சத்தமே இல்லைன்னா ஒலிபரப்பு செத்துப்போச்சுன்னு மெஷின் நெனச்சுக்குமாம். தானாவே அவசர இசையைப் போட்டுடும். போட்டா நாலு நிமிஷம் முடியற வரைக்கும் நிறுத்த முடியாது. நான் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் கையைக் கையை ஆட்டறேன். அந்தப் பக்கம் நொடி சார் என்னைப் பாத்து, இறந்தவங்களுக்கு மரியாதை பண்ற மாதிரி எழுந்து நிக்கறாரு.

மதியம் ஓலை வந்துடுச்சு. 'மௌனம் ஏன் ஏற்பட்டது?' 'சிரிப்புக்காக விட்டேன்'னு எழுதிக் கொடுத்தேன். சாயங்காலம் மறு ஓலை: 'சிரிப்பு வந்ததா?' 'தெரியவில்லை, அந்தப் பக்கம் நேயர்கள் இருந்தார்களா என்பதே தெரியவில்லை.' மறுநாள் காலைல: 'வருமா வராதா என்று தெரியாத ஒன்றுக்காக நிலையத்தின் நேரத்தை வீணடித்தது ஏன்?'

உண்மையைச் சொல்லணும்னா, இதே கேள்வியைப் புத்தகக் கடைக்காரரும் என்கிட்ட கேட்டிருக்காரு. இவ்வளவு மரியாதையா கேக்கல, அவ்வளவுதான். அந்த வாரம் நேயர் கடிதம் ஒண்ணே ஒண்ணு வந்தது. 'வயலின் அருமை. யார் வாசித்தது?'

இப்படியே அஞ்சு மாசம் ஓடிப்போச்சு. பதிவாளர் அக்கா ஒருநாள் என்னை மாடிப்படில நிறுத்தினாங்க. "ஏய், உனக்கு விஷயம் தெரியுமா? நிரந்தரம் பண்ணணும்னா அங்கீகாரம் பெற்ற ஜோக் பத்து வேணும். உன்கிட்ட ரெண்டு இருக்கு. அதுல ஒண்ணு பாதுகாப்பு அறிவிப்பு."

"அக்கா, என்கிட்ட அம்மா ஜோக் இருபத்திரண்டு இருக்கு."

"அப்ப படிவம் ஒன்பது இருபத்திரண்டு. அம்மா கையெழுத்து. போ."

இங்கதான் நான் ஆரம்பத்துல சொன்ன அந்த மறைச்சது, சொல்லாதது பிரச்சனை வருது. நான் மேடைல என்ன பேசறேன்னு அம்மாவுக்குத் தெரியாது. 'பொதுவா வாழ்க்கையைப் பத்தி'ன்னு சொல்லி வெச்சிருந்தேன். நேர்ல வந்து பாக்கறேன்னு கேட்டப்பல்லாம், "டிக்கெட் தீந்துடுச்சும்மா, ஒரே கூட்டம்"னுடுவேன்.

அம்மா ஒரு பல் டாக்டர் க்ளினிக்ல வரவேற்புல உக்காந்திருக்காங்க. இருபத்தாறு வருஷம். "டாக்டர் பத்து நிமிஷத்துல வந்துடுவாரு, உக்காருங்க"ன்னு இருபத்தாறு வருஷமா சொல்றாங்க. ஒரு நாளும் அவர் பத்து நிமிஷத்துல வந்ததில்ல. ஒரு ஆளும் அம்மாவை நம்பாமப் போனதில்ல. அப்படி ஒரு குரல், அப்படி ஒரு முகம். கல்லு.

ராத்திரி சாப்பாட்டுக்கு முன்னாடி, கரண்ட் பில்லுக்கு நடுவுல வெச்சு நீட்டினேன். "ஆஃபீஸ் ஃபார்மாலிட்டிம்மா. இங்க, இங்க, இங்க. படிக்கவெல்லாம் வேணாம்."

"படிக்காம கையெழுத்து போடாதீங்கன்னு தினமும் நாப்பது பேருக்குச் சொல்றவடி நான்." கண்ணாடியைப் போட்டுட்டாங்க.

இருபத்திரண்டு பக்கம். ஒவ்வொண்ணா. நான் ஃப்ரிட்ஜ் பக்கத்துல நிக்கறேன். ஒரு வரி சிரிப்பு இல்ல, ஒரு 'ச்சீ' கூட இல்ல. பக்கம் திருப்பற சத்தம் மட்டும். கடைசிப் பக்கம் முடிஞ்சதும் எல்லாத்தையும் தட்டி அடுக்கி, ஓரம் சரி பண்ணி, என் கைல கொடுத்தாங்க.

"எந்தக் குழுன்னு சொன்ன? செவ்வாய்க்கிழமையா? நான் வரேன். அங்கயே சொல்லிக்கறேன்."

"என்னம்மா சொல்லப் போற?"

"செவ்வாய்க்கிழமை."

நாலு நாள் நான் தூங்கல.

செவ்வாய்க்கிழமை அம்மா க்ளினிக் போற அதே புடவைல, அதே கைப்பையோட வந்து குழு முன்னாடி உக்காந்தாங்க. இயக்குநர் ஒரு சின்ன உரை நிகழ்த்தினாரு. "அம்மா, நீங்க எங்க நிலையத்துக்குக் கிடைச்ச, மனுஷங்கள்ல முதல் சிரிப்புக்கு உட்படுபவர். பயப்படாதீங்க. இந்த முப்பத்தோரு வருஷத்துல எங்களால யாரும் சிரிப்புக்கு ஆளானதில்ல."

பதிவாளர் அக்கா முதல் படிவத்தை எடுத்தாங்க. "ஜோக் எண் மூன்று. எங்கம்மா லைசென்ஸ் டெஸ்டில் ஏழு தடவை ஃபெயில் முற்றுப்புள்ளி..."

முழுசா படிச்சு முடிச்சதும் அம்மா சொன்னாங்க. "எனக்கு லைசென்ஸே கிடையாது சார். நான் பஸ்ல வரேன். ஏழு தடவை ஃபெயில் ஆனது இவ."

எல்லாரும் என்னைப் பாத்தாங்க. நான் தண்ணி ஜக்கைப் பாத்தேன்.

"அந்த இன்ஸ்பெக்டர் எங்க க்ளினிக்குக்குத்தான் வருவாரு. இவ டெஸ்ட்டுக்குப் போன அன்னிக்குப் பல்லை நறநறன்னு கடிச்சதுல ஒரு கடைவாய்ப்பல் உடைஞ்சிடுச்சு. நான்தான் சீட்டு எழுதினேன். 'எப்படி சார் உடைஞ்சது?'ன்னு கேட்டேன். 'பொண்ணு இல்லம்மா அது, புயல்'னாரு. என் பொண்ணுன்னு நான் சொல்லிக்கல."

சத்தியமா சொல்றேன், இது எனக்குத் தெரியாது. என் ஜோக்கைவிட நல்லா இருந்துச்சு. அதுதான் மொதல்ல வலிச்சது.

"ஜோக் எண் நான்கு. வீடியோ கால் கமா காது."

"அதுவும் இவதான். நான் ஃபோனை நேரா பிடிச்சுத்தான் பேசுவேன். இவதான் காதுல வெச்சுப்பா."

இயக்குநர் சட்டுனு நிமிந்து உக்காந்தாரு. "ஆமாம்! இன்டர்வியூல காதுதான் தெரிஞ்சது! அஞ்சு நிமிஷமும் காது!"

"சார், அப்ப எதை வெச்சு என்னை எடுத்தீங்க?"ன்னேன்.

"காதை வெச்சுத்தாம்மா. வானொலிக்கு வர்ற ஆளு, முகத்தைக் காட்டாம காதைக் காட்டுதே, என்ன ஒரு தொழில் பக்தின்னு குழு ஒருமனதா முடிவு பண்ணுச்சு."

இருபத்திரண்டும் அப்படியே. ஒவ்வொண்ணுக்கும் அம்மா தலையை லேசா சாய்ச்சு, "இவ." அடுத்தது. "இவ." சூப்பர்மார்க்கெட்ல வேற யாரோட தள்ளுவண்டியையோ பில் போடற வரைக்கும் தள்ளிட்டுப் போனது? "இவதான் சார். அந்த ஆளு பின்னாடியே வந்திருக்காரு, பாவம், கூச்ச சுபாவம்."

சட்ட மேடம் என்னைக் கேட்டாங்க, "ஏன் அம்மா பேர்ல எழுதினீங்க?"

என்ன சொல்றது? ஆரம்பத்துல என் பேர்லதான் சொன்னேன். ஜனங்க 'ஐயோ'ன்னாங்க. ஒருத்தர் நிகழ்ச்சி முடிஞ்சு வந்து, நல்ல மனநல டாக்டர் நம்பர் கொடுத்துட்டுப் போனாரு. அதே கதையை அம்மா பேர்ல சொன்னப்ப கை தட்டினாங்க. அப்படியே ஒவ்வொண்ணா என் அசட்டுத்தனத்தையெல்லாம் அம்மா தலைல ஏத்தி விட்டுட்டேன். இதைச் சொன்னேன். பதிவாளர் அக்கா முற்றுப்புள்ளி வெச்சு எழுதிக்கிட்டாங்க.

"சரி," நான் கடைசி முயற்சி பண்ணேன், "அப்ப என் பேர்லயே சொல்லிடறேன். நானே எனக்கு ஒன்பதாம் படிவத்துல கையெழுத்து போடறேன். முடிஞ்சுதுல்ல?"

சட்ட மேடம் விதிப் புத்தகத்தைப் பிரிச்சாங்க. "முடியாது. விதி நாப்பத்தொண்ணு. நிலைய ஊழியர் எவரையும் ஒலிபரப்பில் கேலி செய்யக் கூடாது. நீங்க நிலைய ஊழியர். உங்களை நீங்களே கேலி பண்றது, ஆஃபீஸ் நாற்காலியை நீங்களே உடைக்கற மாதிரி."

"அப்ப நான் எப்பத்தான் என்னைக் கேலி பண்ணலாம்?"

"ஊழியரா இல்லாதப்ப."

"ஊழியரா இல்லைன்னா மைக்ல பேச முடியாதே?"

"முடியாது," சட்ட மேடம் முகத்துல ஒரு திருப்தி. "விதி ரொம்ப யோசிச்சு எழுதியிருக்காங்க."

ரூம்ல ஒரு மௌனம். நொடி சார் பழக்க தோஷத்துல ஸ்டாப்வாட்சை அமுக்கினாரு. அப்பதான் இயக்குநர் மெதுவா அம்மா பக்கம் திரும்பினாரு. இந்தக் கதைல அவருக்குத் தோணின ஒரே யோசனை அது, அதுவும் என் தலைல.

"அம்மா... நீங்க ஊழியர் இல்லையே?"

நீங்க இன்னேரம் புரிஞ்சிக்கிட்டிருப்பீங்க. என் தகுதிகாண் காலத்தை நிறுத்தி வெச்சாங்க, அதனால நான் ஊழியர் இல்ல. அம்மாவைத் தற்காலிகமா ஆறு வாரத்துக்கு ஏழு மணிக்குப் போட்டாங்க. அம்மா என்னைப் பத்தி ஜோக் சொல்லலாம். நான் படிவத்துல கையெழுத்து போடணும். குழு என் முதுகைத் தட்டுச்சு. "பாத்தியா, உன் நிகழ்ச்சியைக் காப்பாத்திட்டோம்."

அம்மா க்ளினிக்ல இருபத்தாறு வருஷமா எடுக்காத லீவை எடுத்துட்டு வந்து உக்காந்தாங்க. முதல் நாள் மைக்ல என்ன சொன்னாங்க தெரியுமா? "வணக்கம். உக்காருங்க. என் பொண்ணுக்கு லைசென்ஸ் கிடைச்ச கதையைச் சொல்றேன். பத்து நிமிஷம் ஆகும்." அதே குரல். ஏத்தம் இல்ல, எறக்கம் இல்ல. இடைவெளி விடற இடத்துல கைப்பை ஜிப்பை ஒரு தடவை திறந்து மூடுவாங்க. மெஷினுக்கு அது சத்தம், ஜனங்களுக்கு அது இடைவெளி. நான் அஞ்சு மாசமா கண்டுபிடிக்காதது.

மூணாவது நாள் நிலையத்துல அபாயச் சங்கு ஊதாத குறை. நேயர் கடிதம் வந்துடுச்சு. 'பல் தேய்த்துக்கொண்டே கேட்டேன். சிரித்து பேஸ்ட்டை விழுங்கிவிட்டேன்.' முப்பத்தோரு வருஷத்துல முதல் சிரிப்பு! அவசரக் கூட்டம். இயக்குநர் கர்ச்சீப்பால கழுத்தைத் துடைச்சுக்கிட்டே, "இது தனிப்பட்ட ஒரு சம்பவமாத்தான் இருக்கும், பதற வேணாம்"னாரு. மறுநாள் நாப்பது கடிதம். 'சிரிப்புச் சம்பவங்கள்'னு தனியா ஒரு ஃபைல் போட்டு, அலமாரி ஒண்ணு ஒதுக்கிட்டாங்க. இப்ப அதைக் காட்டித்தான் மேலிடத்துல புது ஸ்டுடியோ கேக்கறாங்க. 'எமது தொலைநோக்குத் திட்டத்தின் விளைவாக'ன்னு ஆரம்பிக்குது அந்தக் கடிதம். பதிவாளர் அக்கா எனக்குக் காட்டினாங்க, ஆச்சரியக்குறியோட.

எனக்கு என்ன வேலைன்னா, குழு ரூம் வெளில இருக்கற பெஞ்சுல செவ்வாய்க்கிழமை உக்காந்து கையெழுத்து போடறது. கழுத்துல அட்டை: 'சிரிப்புக்கு உட்படுபவர் - வருகையாளர்'. ஆறு வாரம் போட்டேன். எல்லாம் நடந்த கதைதானே, என்ன வந்துச்சு. அதுவும் இல்லாம ஆறு வாரம் முடிஞ்சா என் இடம் எனக்கு வந்துடும்னு நெனச்சேன்.

நேத்து சட்ட மேடம் கூப்பிட்டு விளக்கினாங்க. கடைசிப் படிவம் இது. நான் கையெழுத்து போட்டா அம்மா நிரந்தரம், என் பேர் பட்டியல்லருந்து எடுத்துடுவாங்க. போடலைன்னா, உட்படுபவர் மறுத்துட்டாருன்னு அம்மா நிகழ்ச்சி நிறுத்தம், இடம் பழைய ஆளுக்கு. அதாவது எனக்கு. நிரந்தரமா. லிஃப்ட், புறா ரெண்டையும் வெச்சுக்கிட்டு.

"மேடம், பத்து ஜோக் வேணுமே?"

"அந்த விதியைத் தளர்த்திட்டோம். ஜோக்கால சம்பவம் நடக்குதுன்னு இப்பத் தெரிஞ்சுபோச்சில்ல. குறைவா இருக்கறது நல்லது."

இன்னொரு பக்கம் டைல்ஸ் மேனேஜர் மெசேஜ்: 'ஆறு மாதம் தாண்டிவிட்டது. திங்கள் வரையில் பார்ப்பேன் மா.' கடைசில ஒரு பூ படம் வேற.

படிவத்தை வீட்டுக்கு எடுத்துட்டு வந்து படிச்சேன். இது கேள்விப்படாத ஜோக். அம்மா கையெழுத்துலயே இருக்கு:

"என் பொண்ணு மேடைல பேசும்போது ஒரு ஜோக் முடிஞ்சுதுன்னு எப்படித் தெரியும்? அவ தண்ணி குடிப்பா. அதுதான் அடையாளம். அன்னிக்கு ரெண்டு பாட்டில் குடிச்சா. ஒருத்தரும் சிரிக்கல. ஆனா எல்லாருக்கும் தாகம் எடுத்துடுச்சு."

நான் அடுப்படிக்குப் போனேன். அம்மா வெங்காயம் நறுக்கிட்டு இருந்தாங்க.

"நீ எப்பம்மா வந்த?"

"மூணு தடவை வந்தேன். பின்னாடி, அகராதி அலமாரி பக்கத்துல நின்னேன்."

"டிக்கெட் இல்லைன்னு சொன்னேனே."

"அதான், இடம் கிடைக்காதுன்னு அரை மணி நேரம் முன்னாடியே வந்துட்டேன்." ஒரு வெங்காயம் முடிச்சு அடுத்ததை எடுத்தாங்க. "பன்னெண்டு நாற்காலி காலியா இருந்துச்சு. உக்காந்தா நீ பாத்துடுவ. கால் வலிச்சுது."

"அப்ப நான் உன்னைப் பத்திப் பேசினதெல்லாம்..."

"கேட்டேன். ஏழு தடவை ஃபெயில்னு சொன்னப்ப முன்னாடி உக்காந்திருந்தவன் திரும்பி என்னைப் பாத்து, 'எந்தம்மா இப்படி இருப்பாங்க'ன்னான். 'அதானே'ன்னேன்."

அம்மா கத்தியைக் கீழ வெச்சாங்க.

"இத பாரு, பிடிக்கலைன்னா போடாத. எனக்கு க்ளினிக் இருக்கு, நான் போயிடுவேன், கோவமெல்லாம் இல்ல. ஆனா ஒண்ணு. அது நல்ல ஜோக்கு. அதை நான் வேணும்னு சுமாரா ஆக்க மாட்டேன், உனக்காகக் கூட."

இப்ப இங்க உக்காந்து இதை டைப் பண்ணிட்டு இருக்கேன். படிவம் கீபோர்டு பக்கத்துல. பேனா மூடி திறந்து வெச்சு ரொம்ப நேரமாச்சு. அந்த ஜோக்ல ஏதாவது குறை கண்டுபிடிக்கலாம்னு ஒரு மணி நேரம் பாத்தேன். முடிவை மூணு விதமா மாத்தி எழுதியும் பாத்தேன், மூணும் மட்டம். கையெழுத்து போட்டா திங்கக்கிழமை நான் பாத்ரூம் டைல்ஸ். போடலைன்னா திங்கக்கிழமை காலைல ஏழு மணிக்கு நான், எட்டு பேர் தாங்கற லிஃப்ட், அப்புறம் வயலின்.

சரி, அதை நான் பாத்துக்கறேன். எனக்கு உங்ககிட்டருந்து ஒரே ஒரு விஷயம் தெரிஞ்சா போதும், முகத்துக்காகச் சொல்லாதீங்க, அம்மா முகத்துக்காகவும் வேணாம், என் முகத்துக்காகவும் வேணாம். மேல அந்தத் தண்ணி பாட்டில் ஜோக்கைப் படிச்சீங்கல்ல, அப்ப நீங்க நிஜமாவே சிரிச்சீங்களா?